செண்பகம் வரைந்த அணைகுறி

செய்தி வந்தபோது நான் மணியாச்சி நிலையத்தில் டிக்கெட் கொடுத்துக்கொண்டிருந்தேன். செண்பகத்தின் தங்கைதான் போனில் பேசினார். "அண்ணாச்சி, அக்கா போயிட்டா. காலைல நெஞ்சு வலிக்குதுன்னா. ஆஸ்பத்திரி வாசல்லயே முடிஞ்சுபோச்சு." கவுன்டருக்கு முன்னால் ஏழு பேர் நின்றார்கள். ஏழு பேருக்கும் கொடுத்து முடித்த பிறகே எழுந்தேன். செண்பகத்துக்கு நாற்பத்தாறு வயது.

எங்கள் படக்கதையை வாசித்த உங்களில் பலருக்கு அவர் போட்ட படங்கள் தெரியும். ஆளைப் பார்த்தவர்கள் குறைவு. கோவில்பட்டியில் ஓர் அச்சகத்தில் தீப்பெட்டி லேபிள் வரையும் வேலை பார்த்தார். என் கதைக்குப் படம் போட ஆள் தேடி அங்கே போனேன். கோடையில் கரிசல் மண் பாளம் பாளமாக வெடிக்க, அந்த வெடிப்புகளிலிருந்து கங்கர்கள் என்னும் நெருப்பு உயிர்கள் ஏறி வரும் ஒரு நாட்டின் கதை அது. அவர்களை அடக்க, காவல் பெண்கள் மண்ணில் ஒரு மந்திரக் குறி போடுவார்கள். அதற்கு அணைகுறி என்று பெயர் வைத்து, ஒன்பது முக்கோணங்களை ஒன்றுக்குள் ஒன்றாக வரைந்துகொண்டு போயிருந்தேன்.

செண்பகம் தாளைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "கங்கன் தொரத்திக்கிட்டு வாரான். கை நடுங்குது. அந்நேரம் ஒம்பது முக்கோணம் யாரு போடுவா, அண்ணாச்சி?" என்றவர், பென்சிலால் மூன்றே கோடுகள் இழுத்தார். ஒன்றையொன்று பார்த்த இரண்டு வளைவுகள், கீழே ஒரு நேர்க்கோடு. "பயந்தவ கையாலயும் போட முடியணும்லா" என்றார். அணைகுறி அப்படிப் பிறந்தது.

விதியும் அவர் வைத்ததே. குறியை ஒருமுறை போட்டால் அது கங்கர்களை என்றைக்கும் கட்டிவைக்கும் என்று எழுதியிருந்தேன். அவர் ஒத்துக்கொள்ளவில்லை. "போட்டவ பக்கத்துலயே நிக்கணும். அவ நகந்தா குறி செத்துப்போகும். போட்டுட்டு வீட்டுல போய்ப் படுத்துக்கிட்டா அப்புறம் கதைல என்ன இருக்கு?" எனக்கு அன்று எரிச்சலாக இருந்தது. ஆனாலும் மாற்றி எழுதினேன். கதை பரவியது அதற்குப் பிறகுதான்.

பள்ளிப் பிள்ளைகள் ஜியாமெட்ரி பாக்ஸில் குறியைக் கீறினார்கள். எட்டயபுரம் போகும் ஒரு பஸ்ஸின் முன் கண்ணாடியில் அதைப் பார்த்தேன். அன்று முழுவதும் எனக்குக் கால் தரையில் பாவவில்லை. பிறகு ஒரு தீப்பெட்டி ஆபீஸ் (தொழிற்சாலையை எங்கள் பக்கம் அப்படித்தான் சொல்வோம்) முதலாளி, அந்தக் குறியையே லேபிளாகப் போட வேண்டும் என்று அச்சகத்துக்கு ஆள் அனுப்பினார். மாதிரி லேபிளைக் காட்ட செண்பகம் போனபோது நானும் கூடப் போனேன்.

குச்சிகளைப் பெட்டியில் அடைக்கும் நீள அறை. முப்பது பெண்கள் உட்கார்ந்திருந்தார்கள். பின்பக்கக் கதவில் ஆள் உயரத்துக்கு அணைகுறியைச் சிவப்புப் பெயின்டில் வரைந்திருந்தார்கள். கதவு பூட்டியிருந்தது. அதை ஒட்டி பண்டல்கள் இடுப்பு உயரத்துக்கு அடுக்கியிருந்தன.

"கதவ ஏன் பூட்டியிருக்கீங்க?" என்று கேட்டார் செண்பகம்.

"சரக்கு வைக்க எடம் வேண்டாமா? ஒங்க குறிதான் இருக்கே, தாயி. தீ எங்கன வரும்?" என்று முதலாளி சிரித்தார்.

அவர் விளையாட்டாகச் சொல்லியிருக்கலாம். பக்கத்திலிருந்த ஓர் அம்மாள் சிரிக்கவில்லை. "அது இருக்க தைரியத்துலதாம்மா உக்காந்திருக்கோம்" என்றார்.

செண்பகம் அறையின் நடுவுக்கு வந்தார். பிறகு அறை முழுவதற்கும் கேட்கும்படி சொன்னார். "அந்தக் குறிய வரைஞ்சது நான்தான். கதைக்காக வரைஞ்சேன். அதுக்கு ஒரு சக்தியும் கெடையாது."

பெண்களின் முகம் இறுகியது. "அப்போ எங்களுக்குன்னு என்னதான் இருக்கு?" என்று அதே அம்மாள் கேட்டார்.

"கதவு இருக்கு" என்றார் செண்பகம்.

கதவைத் திறந்து வைக்காமல் லேபிள் தர முடியாது என்று முதலாளியிடம் சொல்லிவிட்டு வெளியே வந்தார். நான் உள்ளே ஒரு வார்த்தை பேசவில்லை. பஸ் நிறுத்தத்தில் பேசினேன். "நமக்கு எதுக்கு இதெல்லாம்? குறிக்குச் சக்தி இல்லன்னு நாமளே சொன்னா கதைய யாரு படிப்பா?" அவர் என்னைப் பார்த்தார். பஸ் வந்ததும் பெண்கள் பக்கம் ஏறி உட்கார்ந்துகொண்டார்.

அந்த வாரமே அவருக்கு அச்சகத்தில் வேலை போனது. மூன்று மாதம் வீட்டில் இருந்தார். அந்த ஆபீஸில் பெண்களே பண்டல்களை நகர்த்தி வைத்ததாகவும், பூட்டை எடுத்தால்தான் உட்காருவோம் என்று ஒருநாள் முழுவதும் வாசலில் நின்றதாகவும் பிறகு கேள்விப்பட்டேன். பூட்டு போனது. கதவில் இருந்த குறியை மட்டும் அவர்கள் அழிக்கவிடவில்லை.

பங்குனியில் அங்கே தீப்பிடித்தது. முன்வாசல் பக்கம்தான் முதலில் பற்றியிருக்கிறது. முப்பது பேரும் பின்கதவு வழியாக வெளியே வந்துவிட்டார்கள். ஒருவருக்குக் கையில் காயம், அவ்வளவுதான். ஊரெல்லாம் ஒரே பேச்சு: குறிதான் காப்பாற்றியது. செண்பகத்தின் பெயரை யாரும் சொல்லவில்லை.

நான் இதை வருத்தத்தோடு அவரிடம் சொன்னேன். அவர் அப்போது வேறோர் அச்சகத்தில் சேர்ந்திருந்தார். கணினியிலிருந்து கண்ணை எடுக்காமல், "சொல்லிட்டுப் போறாவ. எல்லாரும் வெளிய வந்துட்டாவல்லா" என்றார். "அந்தக் கை வெந்துபோன பொம்பள இப்ப எப்படி இருக்கா, விசாரிச்சீங்களா?" நான் விசாரித்திருக்கவில்லை. அவர் இரண்டு தடவை போய்ப் பார்த்துவிட்டு வந்திருந்தார்.

பஸ் நிறுத்தத்தில் நான் சொன்னதற்கு மன்னிப்புக் கேட்க வேண்டும் என்று பல வருடம் நினைத்தேன். கேட்கவில்லை. அவரும் அந்தப் பேச்சை எடுத்ததே இல்லை.

வேலையில்லாமல் இருந்த அந்த மூன்று மாதமும் மாதம் தவறாமல் எனக்குக் கதைப் பக்கங்கள் வரைந்து அனுப்பினார். மொத்தம் முப்பத்தாறு பக்கங்கள். சாவு வீட்டுக்குப் போய்வந்த பிறகு அவற்றை எடுத்து ஒவ்வொன்றாகப் பார்த்தேன். எதிலும் ஒரு கோடுகூட அவசரத்தில் போட்டதாக இல்லை. அவரிடமிருந்து எனக்கென்று இருப்பவை அந்தப் பக்கங்கள்தாம்.