நாய் லைசென்சு

ராஜ்யங்களுக்கு எல்லை பிரித்த சமயம் சித்தூர் கலெக்டர் ஆபீசில் குமாஸ்தாவாக இருந்தேன். பிச்சாட்டூர்ப் பக்கத்து ஊர்கள் சென்னை ராஜ்யத்திலிருந்து எங்கள் ஜில்லாவுக்கு வந்துவிட்டன. அவற்றின் நிலக் கணக்குகள் மட்டும் பழைய தாலுகாவான திருவள்ளூரிலிருந்து வரவில்லை. பட்டா கேட்டு வந்தவர்களிடம் “திருவள்ளூரில் கேளுங்கள்” என்று சொல்லிச் சொல்லி வாய் ஓய்ந்திருந்தது.

ஒரு மத்தியானம், பழைய அமெரிக்கப் பத்திரிகையில் ஒரு நகைச்சுவைக் கட்டுரையைப் படித்துச் சத்தமாகச் சிரித்துவிட்டேன். பட்டாவுக்காகக் காலையிலிருந்து பெஞ்சில் காத்திருந்த விவசாயி எழுந்து வந்தார்.

“இன்னா சார் சிரிப்பு? எனக்கும் சொல்லுங்க.”

சொன்னேன். நாய்க்கு லைசென்சு வாங்கப் போனவனை ஒவ்வொரு ஜன்னலிலும் அடுத்த ஜன்னலுக்குப் போகச் சொல்கிறார்கள். கடைசி ஜன்னல்காரர் அவனை முதல் ஜன்னலுக்கே அனுப்புகிறார்.

அவர் என்னைவிட அதிகமாகச் சிரித்தார். “அங்கியும் இப்டித்தானா! நானும் ரெண்டு மாசமா திருவள்ளூருக்கும் இங்கியும் நடந்துக்கினு கீறேன்” என்று கண்ணைத் துடைத்துக்கொண்டார். பிறகு, “கடைசியில அந்தாளுக்கு லைசென்சு கெடைச்சுதா சார்?” என்றார்.

பக்கத்தைத் திருப்பினேன். சோப்பு விளம்பரம் இருந்தது.

“போடலையே” என்றேன். அவர் பெஞ்சுக்குத் திரும்பினார்.

அவரைக் கூப்பிட்டு மனுவை வாங்கி, திருவள்ளூருக்கு நானே கடிதம் எழுதினேன். பெரிய உதவி ஒன்றுமில்லை. அவர் வந்த முதல் நாளே செய்திருக்கலாம்.

இப்போதும் எந்த நகைச்சுவையைப் படித்தாலும், சிரித்து முடித்ததும் பக்கத்தைத் திருப்பிப் பார்க்கிறேன்.