எண்ணிக்கையில் வராத கை

யுத்தத்துக்கு முந்தி, புதுப்பட்டி பருத்தி விவசாயிகள் சங்கத்தில் நான் குமாஸ்தா. ஓட்டெடுப்பில் தூக்கிய கைகளை எண்ணுவது என் வேலை. ஒல்லியான ஒரு சம்சாரி மட்டும் துண்டில் கையை நன்றாகத் துடைத்துவிட்டுத்தான் தூக்குவார்.

சங்கம் வளர வேண்டுமென்று எங்களை இராஜபாளையத்துப் பெரிய சங்கத்தோடு சேர்த்தார்கள். அங்கே நடந்த முதல் கூட்டத்திலும் அவர் கையைத் துடைத்துத் தூக்கினார்.

"அண்ணாச்சி, கையை இறக்குங்க. இனிமே ஊருக்கு ஒரு பிரதிநிதிக்குத்தான் ஓட்டு" என்றேன்.

"அப்ப பருத்தியும் அவரு ஒருத்தரு போட்டாப் போதுமாய்யா?"

வெட்கங்கெட்டுப்போய்ச் சட்டப் புத்தகத்தைக் காட்டினேன். கையை இறக்கினார். இறக்கிய பிறகு அதை மறுபடியும் துண்டில் அழுத்தித் துடைத்தார்.

மறு வருஷம் அவர் பருத்தி வண்டியேறி வந்தது. அவரைக் கூட்டத்தில் காணோம். இறக்கிய கையில் துடைக்க என்ன இருந்ததென்று எனக்கு இன்னும் பிடிபடவில்லை.