நன்றாக வந்துவிட்ட ரொட்டி

சிவசங்கரனுக்கு வேலை போய் ஒரு வருஷம் ஆகப்போகிறது. ஆனால் அவரிடம் கேட்டால் போயிற்று என்று சொல்ல மாட்டார். "நானே எழுதிக் குடுத்துட்டேன்" என்பார். அது முழுப் பொய்யும் இல்லை. மீட்டிங் அறைக்குள் கூப்பிட்டு உட்காரவைத்து, நீங்களே ராஜினாமா கொடுத்துவிட்டால் உங்களுக்கு நல்லது என்று தேன் தடவிப் பேசிக் கையெழுத்து வாங்கிக்கொண்டார்கள். திருப்பத்தூரில் இருக்கும் மாமனார், பெங்களூர் காக்ஸ் டவுனில் கீழ் வீட்டில் இருக்கும் ஓனரம்மா மௌரீன், பழைய ஆபீஸ் சிநேகிதர்கள், எல்லோரிடமும் அவருக்கு ஒரே பாட்டுதான்: "கொஞ்ச நாள் பிரேக் எடுத்திருக்கேன்."

பிரேக்காம் பிரேக்! நாற்பத்தேழு வயதில் எவன் ஐயா பிரேக் எடுப்பான்? மனைவி வித்யாலட்சுமி டிபன் பாக்ஸைத் தூக்கிக்கொண்டு வேலைக்குப் போன பிறகு அந்த வீட்டில் அவர் இருந்த இருப்பு அவருக்குத்தான் தெரியும். போன் அடிக்காது. விண்ணப்பம் போட்ட கம்பெனி ஒன்றும் வாயைத் திறக்காது. பித்துப் பிடித்துவிடும் போலிருந்தபோதுதான் ரொட்டி சுடுவதைப் பிடித்துக்கொண்டார். சாதா ரொட்டி இல்லை. இத்தாலிக்காரர்கள் கிராமத்துப் பக்கம் சுடும் உருண்டை ரொட்டி. அதிலும் மைதா ஒரு சிட்டிகை சேர்க்க மாட்டேன், முழுக் கோதுமைதான் என்று ஒரு வீம்பு.

வீட்டில் சப்பாத்திக்குச் செய்வது போலவே கோதுமையைக் கழுவி, மொட்டைமாடியில் உலர்த்தி, மில்லில் கொடுத்து அரைத்தார். பெங்களூர் மேகமூட்டத்தில் கழுவிய கோதுமை எங்கே காயும்? ஈரத்தோடு கிடந்து மூக்கில் முளை விட்டதைக் கவனிக்காமலே அரைத்துக்கொண்டு வந்தார். அந்த மாவில் சுட்ட ரொட்டி வெளியே கல், உள்ளே களி. மாதக்கணக்கில் இதே கதை. வெந்த ரொட்டியின் அடியைத் தட்டினால் வெற்றுப் பானை மாதிரிச் சத்தம் வர வேண்டுமாம். இவரும் விடாமல் தட்டுவார்.

மௌரீன் ஒருநாள் படிக்கட்டில் மடக்கினார். "என்ன சார், டெய்லி மேல டொக்கு டொக்குன்னு? ஆணி அடிக்கிறீங்களா?"

"இல்ல ஆன்ட்டி, ரொட்டி வெந்துடுச்சான்னு தட்டிப் பாக்கறேன்."

"ரொட்டியா! ஐயோ ஜீசஸ், நான் செவுரு இடிக்கிறீங்கன்னு நெனச்சேன்!"

இப்படிப் போய்க்கொண்டிருந்த நாளில்தான் கவியரசன் பேச்சு வந்தது. சிவசங்கரனிடம் வேலை பழகிய பையன்; இன்றைக்கு வேறொரு கம்பெனியில் மேனேஜர். அவன் டீமில் ஓர் இடம் காலி என்று வித்யாலட்சுமி காதில் விழுந்தது. அன்றே அவனுக்குப் போன் போட்டு ஞாயிற்றுக்கிழமை டிபனுக்கு வரச் சொல்லிவிட்டாள். விட்டால் இவர் கூப்பிடவே மாட்டார் என்று அவளுக்குத் தெரியும்.

"அவன் வந்ததும் வராததுமா ஆரம்பிச்சுடாதீங்க," என்றாள். "சாப்பிட உக்காந்தவங்ககிட்ட வேலை கேட்டா அவங்களுக்குத் தொண்டையில எறங்காது. வயிறார சாப்பிடட்டும். காபி குடுத்துட்டு நான் உள்ள போயிடறேன், அப்ப கேளுங்க. என்னங்க, கேப்பீங்கல்ல?"

"கேக்கறேன் வித்யா. கேக்காம என்ன?"

சனிக்கிழமையே கொஞ்சம் மாவைப் புளிக்கக் கலந்து வைத்தார். களிக்குக் காரணம் அந்த முளைதான் என்று ஒருவழியாகப் பிடிபட்டிருந்ததால், இந்தத் தடவை கோதுமையைக் கழுவவில்லை. ஈரத்துணியால் துடைத்து, அப்படியே கொண்டுபோய் அரைத்திருந்தார். ஞாயிறு காலை ஓவன் கண்ணாடிக்கு முன்னால் குந்திக்கொண்டு பார்க்கிறார், மாவு எழும்புகிறது! கீறிவிட்ட இடம் பூவாக விரிந்து, மேலோடு பொன்னிறம் ஏறி, வெளியே எடுத்ததும் படபடவென்று வெடித்தது. தட்டினார். சத்தம் கணீரென்று வந்தது. "வித்யா, இங்க வாயேன்!" என்று குழந்தை மாதிரி கூவினார். இத்தனை மாதத்தில் அவர் குரல் அப்படி எழும்பி அவள் கேட்டதில்லை. நல்ல சகுனம் என்று நினைத்தாள் பாவி.

கவியரசன் வந்தான். இட்லியை ஓரம் கட்டிவிட்டு, வெண்ணெயும் தக்காளித் தொக்கும் தடவி ரொட்டியாகவே உள்ளே தள்ளினான்.

"அண்ணா, சத்தியமா நீங்க சுட்டதா? கடையில வாங்கிட்டு என்னை ஓட்டறீங்களா?"

அவ்வளவுதான். மனுஷனுக்குத் தலைகால் புரியவில்லை. தவிட்டோடு இருக்கும் மாவு எவ்வளவு தண்ணீர் குடிக்கும், ஏன் அதை அடித்துப் பிசையாமல் மடித்து மடித்து வைக்க வேண்டும், அடுப்புக்குள் ஆவி எதற்கு என்று கையை ஆட்டி ஆட்டிச் சொல்லிக்கொண்டே போனார். ஒருத்தன் அவரிடம் எதையாவது கேட்டுத் தெரிந்துகொண்டு எத்தனை நாளாயிற்று! முகமெல்லாம் சிரிப்பு. அந்தச் சிரிப்பை எவன் பார்த்தாலும் இவருக்கு என்ன குறை என்றுதான் நினைப்பான்.

கவியரசனும் அப்படித்தான் நினைத்தான். வித்யாலட்சுமி காபியை வைத்துவிட்டு உள்ளே போனாள்.

"அண்ணா, ஒரு உண்மையைச் சொல்லட்டுமா?" என்றான். "எங்க டீம்ல ஒரு இடம் இருக்கு. உங்களைக் கூப்பிடலாம்னுதான் வந்தேன். ஆனா இப்ப பாத்தா, எனக்கே பொறாமையா இருக்கு. எவ்ளோ நிம்மதியா இருக்கீங்க! உங்களைத் திரும்ப அந்த நரகத்துல இழுத்து விட்டா பாவம்ணா. எங்க ஆபீஸ்ல கிரண்னு ஒருத்தன் அந்த இடத்தைக் கேட்டுட்டே இருக்கான், அவனுக்கே குடுத்துடறேன். சரிதானே?"

இல்லை என்று சொல்லும் ஐயா! எனக்கு வேலை போய்விட்டது, அதை எனக்குக் கொடு என்று சொன்னால் நாக்கு அறுந்தா விழும்? சிவசங்கரன் டம்ளரைக் கையில் எடுத்தார். காபியை ஒரு வாய் குடித்தார்.

"ஆமாம்பா," என்றார். "அதெல்லாம் போதும்னு ஆயிடுச்சு."

கவியரசன் அங்கேயே போனை எடுத்துக் கிரணுக்குச் செய்தி அனுப்பினான். வீட்டுக்குக் கொண்டுபோக மீதி ரொட்டியையும் கேட்டான். பழைய துணியில் சுற்றிக் கொடுத்துவிட்டு, கேட் வரைக்கும் கூடப் போனார்.

வண்டியைக் கிளப்பிக்கொண்டே, "அடுத்த ஞாயித்துக்கிழமையும் ஒண்ணு போட்டு வைங்கண்ணா, வந்து வாங்கிக்கறேன். சும்மாதானே இருக்கீங்க!" என்றான்.

"அதுக்கென்ன, போட்டுடறேன்."

மேலே வந்தபோது வித்யாலட்சுமி சமையலறை வாசலில் நின்றிருந்தாள். சுவர் ஒன்றும் கோட்டை மதில் இல்லை, எல்லாம் கேட்டிருந்தது. கத்துவாள் என்று எதிர்பார்த்தார். கத்தினால் தேவலை என்றிருந்தது.

"ஊர்ல எல்லாரும் நம்பிட்டாங்க, நீங்க சந்தோஷமா இருக்கீங்கன்னு," என்றாள். "நானும் நம்பிடட்டுமா?"

பதில் சொல்லத்தான் வாயைத் திறந்தார். அழுகைதான் வந்தது.