அவள் பெயரை நான் சொல்லவில்லை

முதலில் வந்தது இருமல் இல்லை, வியர்வை. வெளியே பனி கொட்டும். விடியும்போது என் தலையணை தொப்பலாக நனைந்திருக்கும். எண்பதுகளின் நடுப்பகுதி அது. சுவிட்சர்லாந்தில், டாவோஸ் மலைநகர ஹோட்டல் ஒன்றில் கோப்பை கழுவிக்கொண்டிருந்தேன்.

ஒரு மாதம் யாருக்கும் சொல்லாமல் இருந்தேன். மடைத்தனம், நீங்கள் அப்படி இருந்துவிடாதீர்கள். சளியில் இரத்தம் கண்ட பிறகுதான் ஆஸ்பத்திரிக்குப் போனேன். காசநோய் என்று சொல்லி அங்கேயே படுக்கவைத்தார் டொக்டர்.

"மாத்திரையை ஒழுங்காக எடுத்தால் நிச்சயம் சுகம் வரும். யார் யாரோடு நெருங்கிப் பழகினீர்கள்? அவர்களையும் சோதிக்க வேண்டும்."

என்னோடு அறையில் இருந்த சிவம் அண்ணையைச் சொன்னேன். சமையலறை ஆட்களைச் சொன்னேன். கெய்கோவைச் சொல்லவில்லை.

கெய்கோ ஜப்பானிலிருந்து எங்கள் ஹோட்டலுக்குக் கேக் செய்யப் பழக வந்தவள். ஒரு வருடமாக எங்களுக்குள் காதல். அவளுடைய மலைக்கிராமத்தில் கலியாணம் பேசினால், அந்தக் குடும்பத்தில் என்ன நோய் என்று அக்கம்பக்கத்தில் விசாரிப்பார்களாம். எங்கள் யாழ்ப்பாணத்தில் மட்டும் என்ன வாழ்கிறதாம்? ஒரு காசக்காரனோடு அவள் பெயர் அடிபடக் கூடாது என்று நினைத்தேன்.

ஆஸ்பத்திரிக்குப் பார்க்க வந்த சிவம் அண்ணையும் ஒத்து ஊதினார். "பொம்பிளைப் பிள்ளையின்ரை பேரை வெளியிலை விடாதை. உனக்கு வெறும் சளிக்காய்ச்சல் எண்டு அவளுக்குச் சொல்லு, அது காணும்."

"ஓம் அண்ணை" என்றேன். அப்படியே அவளுக்குச் சொல்லியும் அனுப்பினேன்.

இரண்டாம் கிழமை பார்க்க வந்தவள், வாசலில் முகமூடி கட்டிய நர்ஸைக் கண்டதும் விளங்கிக்கொண்டாள். எங்கள் இருவருக்கும் தெரிந்த அரைகுறை ஜெர்மனில் வெடித்தாள்.

"என் பெயரைக் காப்பாற்றினாயா? என் நெஞ்சை யார் காப்பாற்றுவது?"

வெட்கம் பிடுங்கித் தின்றது. அன்றைக்கே டொக்டரிடம் உண்மையைச் சொன்னேன். சோதித்தார்கள். அவளுக்குள் கிருமி போயிருந்தது, நோயாக மாறவில்லை. தடுப்பு மாத்திரை கொடுத்தார்கள். என்னால் வந்த வினை.

"அப்பாவுக்கு எல்லாம் எழுதப் போகிறேன்" என்றாள். சரி, நம் கதை முடிந்தது என்று நினைத்தேன்.

மாத்திரையால் சிறுநீர் செம்மஞ்சளாகப் போகும், பயப்படாதீர்கள். பசி திரும்பியது. எடை ஏறியது. ஒரு மாதம் கழித்து அவள் அப்பாவின் கடிதம் வந்தது. கட்டிலருகே நின்று எனக்கு விளங்கும்படி வாசித்தாள்.

"என் தங்கை இந்த நோயில்தான் செத்தாள். குடும்ப மானத்துக்காகப் பின்னறையில் ஒளித்து வைத்தோம். சாகும் வரை நான் உள்ளே போகவில்லை. நீ அவன் பக்கத்தில் இரு."

அப்படியொரு அத்தை இருந்ததே கெய்கோவுக்குத் தெரியாது. இருவரும் அழுதோம்.

இன்னும் நான்கு மாத மாத்திரை மிச்சம் இருந்தது. அதுவரை நாட்களை எண்ணி எண்ணியே செத்துக்கொண்டிருந்தவன், அன்றோடு எண்ணுவதை விட்டேன். மூச்சை இழுத்தேன், எங்கும் முட்டாமல் அடிவரை போனது. இந்த உடம்பு எனக்கு மட்டும் சொந்தமானது என்று அதன் பிறகு ஒருநாளும் நான் நினைத்ததில்லை.