சங்குண்ணி சிரிக்க வேண்டிய ஷாட்

ஒற்றப்பாலத்தில் யார் படமெடுக்க வந்தாலும், சாவு வீட்டுக் காட்சி என்றால் சங்குண்ணிக்குத்தான் ஆள் போகும். ஒட்டிய வயிறு, ஒன்றரை நிமிடம் மூச்சை அடக்கும் நெஞ்சு. இருபது வருடத்தில் நாற்பது தடவை செத்திருக்கிறார். ஒரு டேக்கும் அவரால் கெட்டதில்லை. பிணமாக நடித்தவர் கடைசியில் கேமராவைப் பார்த்துச் சிரிக்க வேண்டும். அதைப் பிடித்த பிறகுதான் ஆளை எழுப்புவார்கள், இல்லாவிட்டால் தோஷமாம்.

அன்று ஒரு பழைய மனை வீட்டின் கூடத்தில் அவரை வாழையிலையில் கிடத்தி, தலைமாட்டில் தேங்காய் மூடியில் திரி ஏற்றினார்கள். மகளாக நடித்த நீரஜா ஓடி வந்து, "அச்சா!" என்று அவர் மார்பில் விழுந்து கதறினாள். சூடாக ஒரு சொட்டு அவர் கழுத்தில் விழுந்தது. பெண்டாட்டி போய் ஒன்பது வருடம், பிள்ளைகுட்டி கிடையாது. இத்தனை நாளாக அவரைத் தொட்டது மேக்கப்காரர் கை மட்டுந்தான், பாவம் மனுஷன்.

வயிறு அசைந்துவிட்டது.

"கட்! என்ன ஏட்டா, பொணம் மூச்சு விடுது!" டைரக்டர் பிஜோய் சிரித்தார்.

இரண்டாவது டேக்கிலும் அசைந்தது, மூன்றாவதிலும் அசைந்தது. பிஜோய்க்கு இப்போது சிரிப்பு வரவில்லை. "முடியலைன்னா சொல்லிடுங்க, வேற பொணம் பாத்துக்கறேன். அந்தப் பொண்ணு தொண்டை கிழியுது."

தொண்டை என்றதும் சங்குண்ணிக்குச் சுருக்கென்றது. நாலாவதில் கட்டையாகக் கிடந்தார். ஓகே ஆயிற்று.

"சரி, சிரிங்க ஏட்டா."

உதடு விரிந்தது, சிரிப்பு வரவில்லை. கண்ணோரம்தான் நீர் வழிந்தது.

"சிரிக்காம எந்திரிச்சிடாதீங்க, யார் தலையில விடியுமோ!" என்று கத்தினார் லைட்காரர்.

நீரஜா பக்கத்தில் வந்து குந்தினாள். "நான் விழுந்ததுல வலிச்சுதா ஏட்டா?"

"இல்ல மோளே. மூணு தடவையும் வேணும்னேதான் மூச்சு விட்டேன்." குரலைத் தாழ்த்தினார். "நெசமாச் செத்தா எனக்கு அழ ஆளில்ல. நீ அழறதை இன்னொருக்கா கேக்கணும்போல இருந்துச்சு. தப்புதான்."

அவள் எழுந்து போய்க் கேமராவுக்குப் பக்கத்தில் நின்றாள்.

"சிரிங்க அச்சா."

சங்குண்ணி பல்லெல்லாம் தெரியச் சிரித்தார். ஷாட் முடிந்தது. விளக்குகளை அணைத்தார்கள், நீரஜாவின் காரும் கிளம்பிப் போனது. அவர் மட்டும் வாழையிலையை விட்டு எழாமல் கிடந்தார். வீட்டுக்குப் போக மனசே இல்லை.