மேஜர் மாமாவின் நீலக் காற்சட்டை

எங்கள் வீட்டில் பெருமைப்பட இரண்டு விஷயங்கள் இருந்தன. ஒன்று, அம்மாவின் தம்பி இராணுவத்தில் மேஜர். மற்றது, அப்பாவின் வேட்டி. திருகோணமலையில், குறைந்தது எங்கள் ஓர்ஸ் ஹில் பகுதியில், அப்படியொரு வெள்ளை வேட்டி வேறு எவரிடமும் கிடையாது என்பது அப்பாவின் கருத்து. கந்தோரில் கிளாக்கராக இருந்த அவர் சமையல் நடக்கும் குசினிப் பக்கம் எட்டிக்கூடப் பார்க்கமாட்டார். ஆனால் வேட்டிக்கு நீலம் போடும் வேலையை மட்டும் யாரிடமும் விடமாட்டார். நீலக்கட்டியைத் துணியில் முடிந்து வாளித் தண்ணீரில் ஆட்டுவார். தண்ணீரை உள்ளங்கையில் அள்ளி வெயிலில் பிடித்துப் பார்ப்பார். அந்த நேரத்தில் அம்மா சிரிக்கமாட்டா. சிரித்தால் அன்றைய கறியில் உப்புக் கூடிவிட்டதாக அப்பா குறை சொல்வார்.

இந்த இரண்டு பெருமைகளும் ஒரு நாள் ஒரே வாளிக்குள் விழுந்தன.

மாமா ஆறடிக்கு மேல் உயரம். எங்கள் வாசல் நிலையில் குனிந்துதான் உள்ளே வருவார். சூறாவளி அடித்த வருடம் கிண்ணியாப் பக்கம் வெள்ளத்தில் அகப்பட்ட சனங்களைக் கூரைகளிலிருந்தும் மரங்களிலிருந்தும் இறக்கி வள்ளத்தில் ஏற்றிக் கரை சேர்த்ததற்காக, கொழும்பில் கவர்னர் ஜெனரலான மகாதேசாதிபதி தன் கையாலேயே அவருக்குப் பதக்கம் குத்தினார். வள்ளம் கவிழ்ந்த பிறகும் நீந்திப் போய் ஆட்களைக் கொண்டுவந்தாராம். இதெல்லாம் அப்பா சொல்லித்தான் எனக்குத் தெரியும். மாமாவிடம் கேட்டால், "தண்ணியில நனைஞ்சனான் பிள்ளை. நனைஞ்சதுக்குத் தந்தவங்கள்," என்பார். அதோடு கதை முடிந்தது.

கிரிக்கெட்டைப் பற்றி என்றால் விடிய விடியக் கதைப்பார். ஆமி அணியின் நல்ல துடுப்பாட்டக்காரர்களில் அவர் ஒருவர். வருடத்துக்கு ஒருமுறை எங்கள் ஊர்க் கடற்கரை மைதானத்தில் ஆமிக்கும் நேவிக்கும் போட்டி நடக்கும். துறைமுகம் நேவிக்காரருடையது, மைதானமும் அவர்களுடையது போலத்தான், கிண்ணமும் பல வருடமாக அவர்களிடமேதான். அந்த வருடம் மாமா ஆமி அணிக்குத் தலைவர். என் வகுப்பில் எனக்குப் பக்கத்து வாங்கில் உட்கார்ந்திருந்தவள் நேவிக்காரர் ஒருவரின் மகள். "இந்த முறை கிண்ணம் எங்களுக்குத்தான். என்ர மாமாவை நீ இன்னும் பார்க்கேல்ல," என்று அவளிடம் நான் வாய்விட்டுவிட்டேன். ஆகவே அந்தப் போட்டியில் என் மானமும் மாட்டிக்கொண்டிருந்தது.

மாமா முதல் நாளே கொழும்பிலிருந்து வந்து எங்கள் வீட்டில் தங்கினார். அவருடைய வெள்ளைக் காற்சட்டை பயிற்சியில் விழுந்து புரண்டு மண்ணிறமாக இருந்தது. அம்மா அதைத் தோய்த்து அலசினா. நீலம் போட வேண்டிய இடத்தில் அப்பா வந்து வாளியைக் கைப்பற்றினார்.

"ஒரு கட்டியே காணும்," என்றா அம்மா.

"அது வேட்டிக்கு. இது மொத்தத் துணி. அதோட மேஜர்ர உடுப்பு," என்றார் அப்பா.

எத்தனை கட்டி போட்டார் என்று அவர் கடைசிவரை ஒப்புக்கொள்ளவில்லை. காற்சட்டையை முக்கிவிட்டு நிமிர்ந்தபோது வேலிக்கு அப்பால் அடுத்த வீட்டுக்காரர் நின்றார். "மச்சான் வந்திருக்கிறாராம்," என்று அவர் ஒரு சொல்தான் கேட்டார். அப்பா சூறாவளியிலிருந்து தொடங்கினார். காற்று எழும்பியது, வள்ளம் கவிழ்ந்தது, மாமா நீந்தினார், மகாதேசாதிபதி எழுந்து நின்றார். நானும் வேலியில் தொங்கிக்கொண்டு வாயைப் பிளந்து கேட்டேன். பதக்கம் குத்தி முடிந்து நாங்கள் திரும்பிப் பார்த்தபோது, வாளிக்குள் எங்கள் கொட்டியாரக்குடாக் கடலே கிடந்தது.

திரும்பவும் அலசினார்கள். புளித் தேசிக்காயை வெட்டித் தேய்த்தார்கள். அப்பா கொதிநீரும் ஊற்றிப் பார்த்தார். காலையில் கொடியில் காய்ந்து ஆடியது, பள்ளிக்கூடச் சுவரில் தொங்கும் தேசப்படத்துச் சமுத்திரத்தின் நிறத்தில் ஒரு காற்சட்டை. வெள்ளையில் வேறொன்று மாமாவிடம் இல்லை. இரவல் வாங்கலாம் என்றால் அந்த உயரத்துக்கு ஊரில் யாருடையது பொருந்தும்?

அப்பா அதை இரண்டு கையிலும் ஏந்திக்கொண்டு மாமாவின் முன்னால் போய் நின்றார். அவர் முகத்தை நான் அதற்கு முன் அப்படிப் பார்த்ததில்லை.

"தம்பி... கொஞ்சம் கூடிப்போச்சு."

மாமா காற்சட்டையைப் பார்த்தார், அப்பாவைப் பார்த்தார். "ஏன் அத்தான், என்னை நேவிக்கு மாறச் சொல்லுறியளோ?" என்று கேட்டுவிட்டுச் சத்தமாகச் சிரித்தார். பிறகு அதைப் போட்டுக்கொண்டு, குனிந்து வாசலைத் தாண்டிப் போனார். அப்பா மைதானத்துக்கு வரமாட்டேன் என்று கதிரையில் உட்கார்ந்துவிட்டார்.

மைதானத்தின் நடுவே ஆடுகளமாகத் தும்புப் பாயை விரித்து நான்கு பக்கமும் ஆணி அடித்திருந்தார்கள். நேவி முதலில் ஆடி நிறைய ஓட்டங்களைச் சேர்த்தது. ஆமியின் முதல் ஆட்கள் வந்த வேகத்திலேயே திரும்பினார்கள். அப்போதுதான் மாமா துடுப்போடு இறங்கினார். மேலே வெள்ளைச் சேட்டு, கீழே நீலம். நேவிக்காரர் இருந்த பக்கத்திலிருந்து ஒரு கூச்சல் எழும்பியது. "எங்கட ஆள் ஒருத்தர் பிழையான பக்கம் போறார்!" என்று ஒருவன் கத்தினான். தமிழிலும் சிங்களத்திலும் அதையே திருப்பித் திருப்பிக் கத்தினார்கள். பக்கத்து வாங்குக்காரி தன் தகப்பனோடு வந்திருந்தாள். அவள் கையால் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்ததை நான் பார்த்தேன். எனக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது.

எனக்குப் பக்கத்தில் கிண்ணியாவிலிருந்து வந்த தயிர் முதலாளி நின்றார். வருடா வருடம் இந்தப் போட்டிக்குத் தயிர்ச் சட்டிகளோடு பாதையேறி, அதாவது படகில் களப்பைக் கடந்து, வந்துவிடுவார். சூறாவளியில் அவரும் பிள்ளைகளும் ஒரு கூரையில் இருந்தவர்கள்.

"ஏன் மகள் அழுற?" என்றார்.

"மாமாவைப் பார்த்துச் சிரிக்கிறாங்கள்."

"சிரிக்கட்டும். அண்டைக்கு அந்தத் தண்ணிக்குள்ளால அவர் வரக்குள்ள உடுப்பு என்ன நிறமெண்டு ஆரு பார்த்த? ஆள் வாறாரெண்டுதான் பார்த்த நாங்க."

முதல் பந்தை மாமா தடுத்தார். இரண்டாவதுக்கு முன், கோட்டைப் பக்கமிருந்து மான்கள் மைதானத்துக்குள் நடந்து வந்தன. எங்கள் ஊரில் அது புதினமில்லை. மான் போகும்வரை ஆட்டம் நிற்கும். எல்லோரும் கூச்சலிட, மாமா மட்டும் துடுப்பில் சாய்ந்துகொண்டு அவற்றையும் அவற்றுக்குப் பின்னாலிருந்த கடலையும் பார்த்துக்கொண்டு நின்றார். அவற்றை விரட்ட வேண்டாம் என்று கைகாட்டினார். இவ்வளவு நேரம் என்னத்தைப் பார்க்கிறார் என்று எனக்கு எரிச்சலாக வந்தது.

மான்கள் போன பிறகு அவர் அடிக்கத் தொடங்கினார். எப்படி என்று விவரிக்க எனக்குத் தெரிந்த கிரிக்கெட் காணாது. பந்து புல்லோடு போனது, தலைக்கு மேலால் போனது, கடைசியில் கடற்கரை வீதியில் நின்ற மாட்டு வண்டிலுக்குள்ளும் போனது. கத்திக்கொண்டிருந்தவர்கள் மெல்ல மெல்ல ஓய்ந்தார்கள். பிறகு அவர்களே கைதட்டினார்கள். வெற்றி ஓட்டம் எடுத்தபோது தயிர் முதலாளி என்னைத் தூக்கித் தோளில் வைத்துக்கொண்டார். அந்த உயரத்திலிருந்துதான் கண்டேன், வேப்பமரத்தின் பின்னால் ஒரு வெள்ளை வேட்டி. அப்பா இரண்டு கைகளையும் தலைக்கு மேல் உயர்த்தித் தட்டிக்கொண்டிருந்தார்.

அதன் பிறகு நடந்ததுதான் என் கண்ணுக்குள் இன்றும் நிற்கிறது. மாமா திரும்பி வந்த வழியில், பார்க்க வந்திருந்த ஆமிக்காரர் எல்லோரும் இரண்டு வரிசையாக நின்றார்கள். யாரும் கட்டளை இடவில்லை. மாமா நடுவே நடந்து வர, ஒவ்வொருவராக நிமிர்ந்து சல்யூட் அடித்தார்கள். வரிசையின் முடிவில் நின்ற நரைத்த மீசை சார்ஜன்ட் கையை இறக்க மறந்து நின்றார். அவருடைய கன்னம் நனைந்திருந்தது. நேவித் தலைவரும் ஓடி வந்து வரிசையில் சேர்ந்துகொண்டார். நீலக் காற்சட்டையில், தலையில் தொப்பிகூட இல்லாமல் வந்த ஒரு மனிதருக்கு! ஒரு போட்டியில் வென்றதற்கு இவ்வளவு மரியாதையா என்று நினைத்தேன்.

வீட்டுக்கு வந்து தயிர் சாப்பிடும்போது அம்மா காற்சட்டையைக் கையில் எடுத்தா. "சுண்ணாம்புத் தெளிவில ஊறவைச்சு வெயிலில போட்டால் வெளுத்திடும், தம்பி."

"விடுங்கோ அக்கா. இனி அது தேவைப்படாது."

அம்மா அதை நெஞ்சோடு பிடித்தபடி குசினிக்குள் போய்விட்டா. அப்பா எழுந்து போய் மாமாவின் சட்டியில் இன்னும் கொஞ்சம் தயிர் போட்டார். அவர் யாருக்கும் பரிமாறி நான் கண்டதில்லை.

"புதுசு வாங்கப் போறியளோ மாமா?" என்று கேட்டேன்.

மாமா தயிர்ச் சட்டியை என் பக்கம் தள்ளினார். "ஓம் பிள்ளை," என்றார்.

இராணுவத்தை விட்டு விலகுகிறேன் என்று சொல்லிவிட்டுத்தான் மாமா அந்தப் போட்டிக்கே வந்திருந்தார் என்பது வளர்ந்த பிறகுதான் எனக்குத் தெரியவந்தது. அவரிடம் வேலை பழகியவர்கள் அவரைத் தாண்டி மேலே போய்க்கொண்டிருந்தார்கள். தமிழ்ப் பெயருக்கு அதற்கு மேல் படியில்லை என்பதை ஒருவரும் வாயால் சொல்லவில்லை. அவரும் கேட்கவில்லை. வரிசையில் நின்றவர்களுக்கு அது தெரிந்திருந்தது. அப்பாவுக்கும் அம்மாவுக்கும் தெரிந்திருந்தது. பதக்கங்கள் இப்போது மாமாவின் பிள்ளைகளிடம் இருக்கின்றன. காற்சட்டை என் அலுமாரியில் இருக்கிறது, அம்மா கடைசிவரை வெளுக்காத அதே நீலத்தில். பதக்கங்களை மாற்றாகத் தருகிறோம் என்று கேட்டாலும் நான் கொடுக்கமாட்டேன்.

ஆனால் அந்தத் திங்கட்கிழமை இது ஒன்றும் தெரியாமல் வகுப்புக்குள் தலையை நிமிர்த்திக்கொண்டு போனேன். நேவிக்காரரின் மகள் புத்தகத்துக்குள் தலையைப் புதைத்துக்கொண்டாள். நான் விடவில்லை.

"அடுத்த வருசம் வந்து பார்," என்றேன். "மாமா புது வெள்ளைக் காற்சட்டையோட வருவார்."