கூண்டு கட்டாத பஸ்

ஓசூரில் பஸ் செய்கிற தொழிற்சாலையிலிருந்து பெரும்பாலும் முழு பஸ் வெளியே வராது. என்ஜின், ஆறு சக்கரம், ஸ்டியரிங், நீளமான இரும்புச் சட்டம், அவ்வளவுதான். அதற்குச் சேசிஸ் என்று பெயர். அதைக் கரூருக்கு ஓட்டிப்போய், கூண்டு, அதாவது மேல் பாடி, கட்டும் பட்டறையில் ஒப்படைப்பது என் வேலை. கூரையோ கண்ணாடியோ கிடையாது. டிரைவர் சீட்டுகூட இருக்காது. ஒரு மரப்பெட்டியைக் கயிற்றால் இறுக்கிக் கட்டி, அதன்மேல் உட்கார்ந்து, தலையில் ஹெல்மெட் மாட்டிக்கொண்டு கிருஷ்ணகிரி, தர்மபுரி, சேலம் என்று ஒரு பகல் முழுக்க ஓட்ட வேண்டும்.

அரசு பஸ்ஸுக்கு டிரைவராகத்தான் ஆசைப்பட்டேன். ஆள் எடுக்கும் இடத்தில் சுவரோரம் நிறுத்தி அளந்தார்கள். உயரம் கொஞ்சம் போதவில்லை. அளந்தவர் என் முகத்தைப் பார்க்காமலே அடுத்த ஆளைக் கூப்பிட்டார். அதற்குப் பிறகுதான் விருதுநகர்ப் பக்கத்திலிருந்து ஓசூருக்கு வந்தேன்.

சேசிஸ் ஓட்டுகிறவனுக்குப் பேச்சுத் துணை கிடையாது. பக்கத்தில் ஒருவர் உட்கார இடமே இல்லை. காற்று காதில் அறைந்துகொண்டே வரும். வீட்டுக்கு வந்து படுத்த பிறகும் அந்த இரைச்சல் நிற்காது. கல்யாணம் ஆகி, அது நிலைக்கவில்லை. அதைப் பற்றி இங்கே சொல்ல எனக்கு மனமில்லை.

அம்மா போன பிறகு அப்பாவை ஓசூரை ஒட்டிய மத்திகிரிக்கு, என் வாடகை வீட்டுக்கே கூட்டிவந்தேன். நூற்பாலையில் வேலை பார்த்தவர். நூறு பேர் நடுவில் கத்திப் பேசியே பழகியவர். இங்கே பக்கத்து வீட்டில் தெலுங்கு, வீட்டுக்காரர் வீட்டில் கன்னடம். நான் காலையில் போனால் மறுநாள் மதியம்தான் வருவேன். வந்ததும் சாப்பிட்டுவிட்டுத் தூங்கிவிடுவேன். "சோறு இருக்கு", "மழை பெஞ்சுச்சா", இவ்வளவுதான் எங்களுக்குள் பேச்சு. பகலெல்லாம் என்ன செய்கிறீர்கள் என்று நான் ஒருநாளும் கேட்டதில்லை.

ஒருமுறை தொப்பூர் இறக்கம் தாண்டி டீ குடிக்க நிறுத்தினேன். போனை எடுத்துப் பார்த்தால் அப்பாவின் எண்ணிலிருந்து வரிசையாக அழைப்புகள். காற்றில் எதுவுமே கேட்டிருக்கவில்லை. திருப்பிக் கூப்பிட்டேன். வேறு யாரோ எடுத்தார்.

"இவுரு உங்க அப்பாவா? அத்திப்பள்ளில நிக்கிறாரு. பஸ்ஸு மாத்தி ஏறிட்டாரு. எனக்கு இங்க பழக்கடை."

அத்திப்பள்ளி கர்நாடகத்து ஊர். எல்லையைத் தாண்டியதும் வருவது.

"அவரக் கொஞ்சம் ஓசூர் பஸ்ல ஏத்தி விட்டுருங்கண்ணே" என்றேன்.

திரும்பிப் போக வழியில்லை. கதவே இல்லாத வண்டியைச் சாலையோரம் எதை நம்பி விட்டுவிட்டுப் போவது? டீக்கடை பெஞ்சிலேயே உட்கார்ந்திருந்தேன். ஒரு மணி நேரத்துக்கும் மேலாயிற்று. மறுபடி அப்பாவின் எண். இந்தத் தடவை பேசியது மத்திகிரி டவுன் பஸ் கண்டக்டர்.

"அண்ணா, பெரியவரு நம்ம வண்டிக்கு வந்துட்டாருங்க. ஊட்டாண்டயே எறக்கி வுட்டுடறேன், கவலப்படாதீங்க. டெய்லி வர்றவருதானே."

"டெய்லியா?"

"உங்களுக்குத் தெரியாதுங்களா? காலைல ரெண்டு நடை, சாயந்தரம் ரெண்டு நடை. பஸ் ஸ்டாண்ட் வரைக்கும் வருவாரு, அதே வண்டில திரும்பிடுவாரு." அப்புறம் அவரே கேட்டார். "இந்த வண்டிய நீங்கதான் கூண்டு கட்ட ஓட்டிட்டுப் போனீங்களாமே? ஏறுற ஆளுங்க கிட்டல்லாம் சொல்லிட்டே வருவாரு."

நான் ஓட்டிய சேசிஸ் எத்தனையோ. எது எந்த ஊரில் ஓடுகிறது என்று எனக்கு எப்படித் தெரியும்?

"ஆமாங்க" என்றேன்.

மறுநாள் வீட்டுக்குள் நுழைந்ததுமே அப்பா முந்திக்கொண்டார். "நெறம் ஒண்ணுபோல இருக்கவும் ஏறிட்டேன்யா. போர்டப் பாக்கல." அப்புறம் தட்டை எடுத்து வைத்தபடியே சொன்னார். "வீட்ல இருந்தா ஒரு மனுசக் குரல் கேக்க மாட்டேங்குது."

அந்த ஞாயிற்றுக்கிழமை நானும் அவரோடு பஸ் ஏறினேன். ஜன்னல் சீட்டை எனக்குக் கொடுத்தார். பூக்கூடையோடு ஒரு அம்மா ஏறி, "என்ன பெரியப்பா, இன்னிக்குத் துணைக்கு ஆளு" என்றார். அப்பாவுக்கு அதுவே போதுமாக இருந்தது. அந்தக் காலத்து பஸ்ஸைப் பற்றிச் சொல்ல ஆரம்பித்தார். ஜன்னலுக்குக் கண்ணாடி கிடையாது, தார்ப்பாயைத்தான் சுருட்டி வைத்திருப்பார்களாம். கண்டக்டர் கயிற்றை இழுத்தால் டிரைவர் பக்கத்தில் மணி அடிக்குமாம். "எங்கய்யா மதராசுல டிராம்ல போயிருக்காரு. அது தண்டவாளம் போட்ட தெருவுலதான் போகும். பஸ்ஸு வந்தபொறவுதான் நம்மள மாதிரி ஆளுக வீட்டுக்கிட்ட வண்டி வந்துச்சு." பாதிப் பேர் காதில் வாங்கினார்கள். மீதிப் பேர் போனைப் பார்த்தார்கள். அவர் நிறுத்தவில்லை.

டிரைவர் கண்ணாடியில் என்னைப் பார்த்துக் கத்தினார். "அண்ணா, இதுக்கு செகண்ட் கியரு விழவே மாட்டேங்குது. அப்பவே அப்படித்தானா?"

அப்பா சட்டென்று என் பக்கம் திரும்பினார்.

"அப்பவே அப்படித்தாங்க" என்றேன்.

வண்டியே சிரித்தது. அப்பா என் தொடையில் ஓங்கித் தட்டினார். அவர் கை என்மேல் பட்டு எத்தனையோ வருஷம் ஆகியிருந்தது.

ஐந்து மாதத்தில் அவருக்கு நெஞ்சில் சளி கட்டியது. ஆஸ்பத்திரியில் பத்து நாள் இருந்தார். நான் கூடவே இருந்தேன். அங்கேயும் பக்கத்துப் படுக்கைக்காரரிடம் பேசப் பார்த்தார், மூச்சு இடம் கொடுக்கவில்லை. அங்கேயே போய்விட்டார். காரியத்துக்கு ஊரிலிருந்து என் தங்கை வந்தாள். வீட்டுக்காரரும் மூக்கண்டப்பள்ளியிலிருந்து என்னோடு சேசிஸ் ஓட்டும் இரண்டு பேரும் வந்தார்கள். வேறு யாருமில்லை.

இப்போது மின்சார பஸ்கள் வரத் தொடங்கிவிட்டன. அவை கூண்டோடு, முழு வண்டியாகவே போகின்றன. எங்களுக்கு நடை குறைந்துவிட்டது. வீட்டில் இருக்கிற நாட்கள் கூடிவிட்டன. போன மாதம் ஒருநாள் சும்மா இருக்க முடியாமல் அந்த டவுன் பஸ்ஸில் ஏறினேன். கண்டக்டரும் டிரைவரும் மாறியிருந்தார்கள். பூக்கார அம்மா மட்டும் என்னை அடையாளம் கண்டுகொண்டார்.

"பெரியப்பா ஊருக்குப் போயிட்டாருங்களா? ஆளையே காணோம்."

சொன்னேன். அவர் கூடையைக் கீழே வைத்தார். அப்புறம், "ஒரு வார்த்த சொல்லியிருந்தா நாங்கல்லாம் வந்திருப்போமே" என்றார்.

அவர்களுக்குச் சொல்ல வேண்டும் என்று எனக்குத் தோன்றவே இல்லை. அவர்கள் யார் பேரும் எனக்குத் தெரியாது. பஸ் ஸ்டாண்ட் வந்தது. அந்த அம்மா கூடையை இடுப்பில் ஏற்றிக்கொண்டு, என்னை ஒருமுறை பார்த்துவிட்டு இறங்கிப் போனார்.